துயில்கல்: பசியெடுக்கும் ஒரு கல்லைப் பற்றி

சில ஆண்டுகளாக நான் மனத்துக்குள் கட்டிவரும் கற்பனை நாடு, ஒரு பேராற்றின் கழிமுகத்தில் இருக்கிறது. எங்கு தோண்டினாலும் வண்டல்தான். பாறை என்று சொல்ல ஒன்றுமே இல்லை. அப்படிப்பட்ட நிலத்தில் பாலத்தையும் மதகையும் எதைக் கொண்டு கட்டுவார்கள் என்று யோசித்துக்கொண்டிருந்தபோதுதான் துயில்கல் பிறந்தது. அது பாதி உயிருள்ள பொருள். காய்ந்திருக்கும்போது சுண்ணாம்புக்கல்லைப் போல அசைவற்றுக் கிடக்கும். நனைந்தால் விழித்துக்கொண்டு, தன் மேல் விழுந்த விரிசலைத் தானே மூடிக்கொள்ளும்.

இந்த எண்ணத்தின் வேர் என் பாட்டி வீட்டுக் கொல்லையில் இருக்கிறது. பொங்கலுக்கு வெள்ளையடிப்பதற்கு முன் அங்கே ஒரு மண்தொட்டியில் கிளிஞ்சல் சுண்ணாம்பை நீற்றுவார்கள். பச்சைத் தண்ணீரை ஊற்றியதும், அடியில் நெருப்பே இல்லாமல், அது கொதித்துக் குமிழியிட்டு ஆவி விடும். தொட்டிக்குள் ஏதோ ஒன்று விழித்துக்கொண்டது என்றே நான் நம்பினேன். பூசிய சுண்ணாம்பு, காற்றிலுள்ள கரியமில வாயுவைச் சிறிது சிறிதாக உள்வாங்கி மறுபடியும் கல்லாக இறுகுகிறது என்று பின்னாளில் படித்தபோது, சிறுவயது நம்பிக்கைக்கு ஓர் ஆதாரம் கிடைத்ததைப் போல மகிழ்ந்தேன்.

கற்பனையைவிட உண்மை ஒருபடி முன்னே போய்விட்டதும் உண்டு. நெதர்லாந்தின் டெல்ஃப்ட் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த நுண்ணுயிரியலாளர் ஹெங்க் யோங்கர்ஸ், 2006ஆம் ஆண்டில் தொடங்கிய ஆய்வில், பாசில்லஸ் வகைப் பாக்டீரியாவின் வித்துகளையும் அவற்றுக்கு உணவாகக் கால்சியம் லாக்டேட்டையும் கான்கிரீட்டுக்குள் சேர்த்து வைத்தார். கான்கிரீட் வெடித்து நீர் உள்ளே கசியும்வரை அந்த வித்துகள் உறங்கும். ஈரம் பட்டதும் முளைத்து, உணவைத் தின்று, சுண்ணாம்புப் படிவத்தை உண்டாக்கி மெல்லிய விரிசலை அடைத்துவிடும். ஆனால் அங்கே உணவு முன்கூட்டியே கலக்கப்படுவதால், அது தீர்ந்ததும் வேலையும் நின்றுபோகும். என் கல்லுக்கு அந்த வசதியை நான் தரவில்லை. அதற்கு வெளியிலிருந்துதான் உணவு வர வேண்டும். இந்த ஒரே விதியை வைத்ததும், வெறும் ஆற்றங்கரையாக இருந்த என் நாட்டில் மனிதர்கள் நடமாடத் தொடங்கினார்கள்.

விடியற்காலையில், கல்லூட்டி என்று அழைக்கப்படும் பெண், இடித்த கிளிஞ்சல் பொடி கலந்த புளித்த கஞ்சியைப் பானையில் சுமந்துகொண்டு பாலத்தில் ஏறுகிறாள். தென்னம்பாளைத் தூரிகையை அதில் தோய்த்து, இரவு பனியில் விரிந்த கீறல்களின் மேல் தடவுகிறாள். பசித்த இடம் கஞ்சியை உடனே உறிஞ்சிவிடும். வயிறு நிறைந்த இடத்தில் அது வழுக்கிக்கொண்டு ஓடும். அந்த வித்தியாசத்தை விரல் நுனியால் அறிவதுதான் அவளுடைய தொழில். பஞ்ச காலத்தில் அந்தக் கஞ்சி குழந்தைக்கா பாலத்துக்கா என்ற கேள்வி எழும்போது அவள் என்ன செய்வாள் என்பதை இன்னும் என்னால் எழுத முடியவில்லை.

மற்றப் பயன்கள் எளியவை. நீர்த்தொட்டியும் மதகும் துயில்கல்லால் ஆனவை. எலும்பு முறிந்தவர்களுக்கு வைத்தியர்கள் அதை மெல்லிய பத்தையாக வைத்துக் கட்டுவார்கள். கதவுநிலைக்கும் குதிருக்கும் மட்டும் ஆகாது. மழைக்காலத்தில் அது வளர்ந்து கீலை விழுங்கிவிடும். விதைநெல் குதிரின் மூடி வாயோடு ஒட்டி ஒன்றாகிவிடும். அதனால் அத்தகைய இடங்களுக்குச் சூளையில் சுட்டுக் கொன்ற கல்லையே வாங்குவார்கள்.

பாலம்தான் என்னை விடாமல் இழுக்கிறது. மேகாலயாவின் காசி மலைகளில் உயிருள்ள ஆல வகை மரத்தின் வேர்களை ஓடையின் குறுக்கே வளர்த்துப் பாலமாக்குகிறார்கள். அது ஆட்களைத் தாங்கும் அளவுக்கு உரம்பெற 15 முதல் 30 ஆண்டுகள் வரை ஆகும் என்பதால், நட்டவர் தம் பிள்ளைகளுக்காகவே நடுகிறார். துயில்கல் பாலத்துக்கும் அதே பொறுமையைக் கொடுத்தேன். கூடவே எலும்பின் குணம் ஒன்றையும் சேர்த்தேன். சுமை விழும் திசைக்கேற்ப எலும்பு தன்னைத் திருத்தி அமைத்துக்கொள்கிறது என்று ஜெர்மானிய அறுவை மருத்துவர் ஜூலியஸ் வோல்ஃப் 1892ஆம் ஆண்டில் விரிவாக எழுதினார். படுத்த படுக்கையாகக் கிடப்பவரின் எலும்பு மெலிவதும் அதனால்தான். துயில்கல்லும் அப்படியே. வண்டித் தடத்தின் கீழே அது தடித்துக்கொண்டே போகும். யாரும் நடக்காத பாலம் ஆண்டுக்காண்டு இளைக்கும்.

ஆகவே, இரு கரைக்கும் பகை மூண்டு எல்லை மூடப்பட்ட ஆண்டுகளில், அந்தப் பாலத்தை எவரும் இடிக்க வேண்டியிருக்கவில்லை. அதன் நடுப்பகுதி கைப்பிடிச் சுவரளவுக்கு மெலிந்துபோனது. அப்போது எதிர்க்கரைக் கல்லூட்டி ஒருத்தி, காவலர் உறங்கும் சாமத்தில், மணலேற்றிய வண்டியை நடுப்பாலம் வரை ஓட்டிவந்து திரும்பிப் போகிறாள். மறுநாள் இரவு இந்தக் கரையிலிருந்தும் ஒரு வண்டி புறப்படுகிறது. மாடுகளின் கழுத்து மணிகளில் வைக்கோலைத் திணித்திருக்கிறார்கள்.