ட்ராக் 02 ஆடியோ

மார்ச் 2, 2024

பரண்ல இருந்து பிஸ்கட் டின்னை இறக்கியாச்சு. இருக்கு. கேஸ் மூடி ரெண்டா உடைஞ்சிருக்கு, ஆனா டிஸ்க் அதுக்குள்ளயேதான் இருக்கு. டூம்ப் ரெய்டர் 2 கேம், 1997. சித்தப்பா சிங்கப்பூர்ல இருந்து வந்தப்ப அண்ணாவுக்குன்னு வாங்கிட்டு வந்தது, அவர் பையில இருந்து எடுத்துக் கொடுத்தது வரைக்கும் ஞாபகம் இருக்கு.

அண்ணாவுக்கு ஸ்டெம் செல் மாத்தப்போற அந்த ஆஸ்பத்திரி ரூமுக்குள்ள இதை எடுத்துட்டு போக முடியாது. பழைய சாமான், பூ, துணி பொம்மை எதுவும் கூடாதாம். லேப்டாப்னா ஸ்பிரிட் போட்டு துடைச்சு கொடுங்கன்னு சிஸ்டர் சொன்னாங்க. லேப்டாப்ல சிடி டிரைவ் கிடையாது. அப்ப இமேஜ்தான், மொத்த டிஸ்கையும் ஒரு ஃபைலா காப்பி எடுக்கிறது.

மார்ச் 3

என் செல் அண்ணாவுக்கு மேட்ச் ஆகுமான்னு பார்த்த ரிப்போர்ட் வரல.

மார்ச் 5

யூஎஸ்பி டிவிடி ரைட்டர் வந்துருச்சு. டிஸ்கைப் போட்டு ஐஎஸ்ஓன்னு ஒரு வகை இமேஜ் எடுத்தேன், எடுத்ததை டபுள் கிளிக் பண்ணா விண்டோஸே புது டிரைவ் மாதிரி திறந்து காட்டுது. அப்பல்லாம் இதுக்குன்னு தனியா சாஃப்ட்வேர் போடணும், விண்டோஸ் 8ல இருந்து உள்ளயே கொடுத்துட்டாங்க. சந்தோஷத்துல உடனே அண்ணாவுக்கு போன் பண்ணி சொன்னேன். அவன் ஒண்ணுதான் கேட்டான். "பாட்டு வருதா பாப்பா?"

பார்க்கலன்னேன்.

மார்ச் 6

பாட்டு இல்ல.

ராத்திரி ரெண்டு மணி வரைக்கும் உட்கார்ந்து படிச்சப்புறம்தான் புரிஞ்சுது, தப்பு ஐஎஸ்ஓ மேல இல்ல, நான் எடுத்ததுதான் தப்பு. இந்த டிஸ்க் பாதி கம்ப்யூட்டர் சிடி, பாதி பாட்டு சிடி. முதல் ட்ராக்ல கேம், ரெண்டாவது ட்ராக்ல இருந்து பாட்டு, நம்ம கடையில வாங்குற ஆடியோ சிடி எப்படியோ அதே மாதிரி. கேம் ஓடும்போது அது டிரைவைப் பார்த்து இந்த ட்ராக்கை வாசின்னு சொல்லும், டிரைவ் வாசிக்கும். ஐஎஸ்ஓங்கிறது ஃபைல் இருக்கிற பகுதியை மட்டும் எடுக்கிறது, செக்டர்னு சொல்ற ஒவ்வொரு சின்னத் துண்டுக்கும் 2048 பைட். பாட்டு ஃபைலே கிடையாது, அதுக்கு ஃபோல்டரும் கிடையாது, பேரும் கிடையாது, ஒரு செக்டரோட 2352 பைட்டும் வெறும் சத்தம். அதனால ஐஎஸ்ஓவுக்கு அது கண்ணுலயே படாது. எல்லாம் காப்பி ஆயிடுச்சுன்னு பச்சை டிக் போட்டு சொல்லிடும், கேமும் ஓடும், ஆனா வெனிஸ்ல படகு ஓட்டும்போது ஒரு வயலின் வருமே அது வராது.

அவன் முணுமுணுக்கிறது அந்த வயலினைத்தான். ஸ்கேனுக்கு வீல் சேர்ல தள்ளிட்டு போகும்போது கூட.

மார்ச் 8

மேட்ச். பத்துக்குப் பத்து. நாலுல ஒண்ணுதான் வாய்ப்புன்னு சொல்லியிருந்தாங்க.

அம்மா சாமி ரூம்லயே உட்கார்ந்துட்டாங்க, மதியம் யாரும் சமைக்கல.

மார்ச் 9

இந்தத் தடவை பின், க்யூன்னு ரெண்டு ஃபைல் சேர்ந்த வேற வகை இமேஜ். பின் ஃபைல்ல டிஸ்க்ல இருக்கிறது அப்படியே வருது, செக்டருக்கு 2352 பைட்டும். க்யூங்கிறது சின்ன டெக்ஸ்ட் ஃபைல், நோட்பேட்ல திறந்து பார்த்தேன். ட்ராக் 01 மோட்1/2352ன்னு ஒரு வரி. அதுக்குக் கீழ ட்ராக் 02 ஆடியோ. அப்புறம் ஆடியோ, ஆடியோ, ஆடியோன்னு இறங்கிட்டே போகுது, ஒவ்வொண்ணுக்கும் நிமிஷம், செகண்ட், ஃப்ரேம் போட்டு. ஒரு செகண்டுக்கு 75 ஃப்ரேம். அந்த லிஸ்ட்டை பார்த்ததும் அழுகை வந்துருச்சு, ஏன்னு தெரியல, வெறும் நம்பர்தான்.

மேல லேபிள் பக்கம் ஒரு கீறல் இருக்கு. நான் போட்டது. 99லயோ 2000லயோ காம்பஸ் முனையால. நான் ஆட்ற முறை வந்தப்ப அவன் கொடுக்கல. கீழ் பக்கம் கீறல் விழுந்தா பாலிஷ் போட்டு ஓரளவு சரி பண்ணலாம், மேல் பக்கம் லேபிளுக்கு அடியிலயே வெள்ளிப் பூச்சு, அங்க போனா போனதுதான்.

மார்ச் 12

சித்தப்பா பையன் கேட்கிறான், எதுக்குக்கா இவ்ளோ கஷ்டம், போன மாசம் 14ஆம் தேதி மூணு கேமையும் சேர்த்து ரீமாஸ்டர் விட்டுட்டாங்க, வாங்கி போட்டா முடிஞ்சுதுன்னு. வாங்கவும் வாங்கிட்டேன். நல்லா இருக்கு, ஒரு பட்டனைத் தட்டினா பழைய படமும் வருது. அண்ணாகிட்ட வீடியோ கால்ல காமிச்சேன். அழகா இருக்குன்னான், அப்புறம் நம்ம சிடி படிக்குதான்னான்.

மார்ச் 13

86பாக்ஸ். இது விண்டோஸ் மட்டும் இல்ல, அந்தக் காலத்து மதர்போர்டு, பென்டியம், வூடூங்கிற 3டி கார்டு, சிடி டிரைவ் வரைக்கும் மொத்தத்தையும் சாஃப்ட்வேர்லயே உண்டாக்குது. ஃப்ளாப்பி இமேஜ்ல பூட் பண்ணி, ஹார்ட் டிஸ்க்னு ஒரு 2 ஜிபி ஃபைலை ஃபார்மேட் பண்ணி, விண்டோஸ் 98 போட்டேன். கீழ சின்ன சிடி ஐகான் இருக்கும், அதைத் தட்டி க்யூ ஃபைலைக் காமிச்சா உள்ள இருக்கிற 98 அதை உண்மையான டிஸ்க்னே நம்பிடுது. ஸ்டார்ட் அப் சத்தம் வந்தப்ப அம்மா அடுப்படியில இருந்து எட்டிப் பார்த்தாங்க. "அவன் வந்துட்டானா"ன்னு கேட்டுட்டு திரும்பப் போயிட்டாங்க.

மார்ச் 15

ஜன்னல் தலைப்புல ஒரு பர்சென்ட் காட்டும். 100ல நின்னா அந்தக் காலத்து வேகம். இந்த லேப்டாப்ல 64, 71, 58ன்னு ஆடுது. 100க்குக் கீழ இறங்கினா சத்தம் துண்டு துண்டா வருது. பென்டியம் வேகத்தைக் குறைச்சேன். 83. வூடூவை எடுத்துட்டு சாஃப்ட்வேர் ரெண்டரிங்ல விட்டேன், கேம் ஹீரோயின் லாராவோட முகம் கட்டம் கட்டமா ஆயிடுச்சு, நாங்க பார்த்தது அதுதான், எங்க வீட்ல ஏது 3டி கார்டு. 97. அப்புறம் 100.

அண்ணி மெசேஜ்: ப்ளேட்லெட் 11.

நம்பரைப் பார்க்கிறதே வேலையாப் போச்சு.

மார்ச் 16

100 நிக்குது. பாட்டு வரல. இவ்வளவும் பண்ணியும் வரல. க்யூவை மூணு தடவை சரிபார்த்துட்டேன். தூக்கம் இல்ல.

மார்ச் 17

வந்துருச்சு. வால்யூம் கன்ட்ரோல்ல சிடி ஆடியோன்னு தனியா ஒரு பட்டை இருக்கு, அது ம்யூட்ல இருந்துது. அவ்வளவுதான். டிக்கை எடுத்தேன், கேமைத் திறந்தேன், அந்த மெனு சுத்துது, பாஸ்போர்ட், வீட்டு போட்டோ, பின்னாடி அந்த இசை. ஹெட்ஃபோனைக் கழட்டி ஸ்பீக்கர்ல போட்டு அம்மாவைக் கூப்பிட்டேன்.

மார்ச் 18

நாளைக்கு அண்ணாவுக்கு அட்மிஷன். டெஸ்ட் பண்றேன்னு ஆரம்பிச்சு லாரா வீட்டுலயே ஒரு மணி நேரம் சுத்தினேன். அந்த வயசான பட்லர் டீ ட்ரேயைத் தூக்கிட்டு பின்னாடியே வர்றார். கப்பும் சாஸரும் கிலுகிலுன்னு ஆடும். நம்ம நின்னா நிப்பார், நகர்ந்தா நகர்வார். சமையல்கட்டுல ஒரு ஃப்ரீசர் ரூம் இருக்கும், அண்ணா அவரை உள்ள வரவழைச்சு தான் மட்டும் வெளிய ஓடி வந்துடுவான், கதவு மூடிக்கும். நான் தாத்தாவைத் திறந்து விடுன்னு அழுவேன். ஒவ்வொரு தடவையும் திறந்து விடுவான். ஒரு தடவை கூட விடாம இருந்தது இல்ல.

இன்னைக்கு நான் ஃப்ரீசர் பக்கமே போகல.

லேப்டாப்பை துடைச்சு, கீபோர்டு இடுக்கு எல்லாம் பட்ஸ் வச்சு துடைச்சு, புது கவர்ல போட்டாச்சு.

மார்ச் 24

எனக்கு முதல் ஊசி, எலும்புக்குள்ள இருக்கிற ஸ்டெம் செல் ரத்தத்துக்கு வர்றதுக்கு. ஒண்ணும் தெரியல.

மார்ச் 26

இடுப்பு எலும்பு உள்ளுக்குள்ள இருந்து இடிக்குது, நெஞ்செலும்பும். வலிச்சா நல்லது, வேலை செய்யுதுன்னு அர்த்தம்னு டாக்டர் சொன்னார். வலிக்கட்டும். பாராசிட்டமால் போட்டுட்டு குப்புறப் படுத்துட்டு டைப் பண்றேன். அண்ணா சீனப் பெருஞ்சுவர்ல இருக்கானாம், முதல் புலியைக் கொன்னாச்சாம், ஒவ்வொரு தாவலுக்கு முன்னாடியும் சேவ் பண்றானாம் அப்ப மாதிரியே. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்து கட்டை விரலைக் காமிச்சான். தலைமுடி இல்லாம அப்பா மாதிரியே இருக்கான்.

மார்ச் 28

ரெண்டு கையிலயும் ஊசி, அஞ்சு மணி நேரம், மெஷின் சுத்திட்டே இருந்துது. சாயங்காலம் அண்ணாவுக்கு ஏத்த என் செல் ஒரு பை. தக்காளி ரசம் கலர்.

ஏப்ரல் 1

ப்ளஸ் 4, செல் ஏத்தி நாலு நாள். கவுண்ட் இறங்கிட்டே போகுது, இறங்கும்னு முன்னாடியே சொன்னாங்கதான். அண்ணாவுக்கு வாய் புண்ணு, பேச முடியல. வாட்ஸ்அப்ல மட்டும் எழுதுறான்.

ஏப்ரல் 3

"வெனிஸ் வந்துட்டேன். வயலின்ல கடகடன்னு வெட்டுது பாப்பா. பரவால்ல."

பரவால்லன்னு எழுதியிருக்கான்.

ஏப்ரல் 4

அந்தக் கீறல் அந்த ட்ராக் மேலதான் விழுந்திருக்கு. அத்தனை ட்ராக்ல அது மேல. கேம் இருக்கிற ட்ராக்ல கீறல் இருந்திருந்தா கூட ஓரளவு தாங்கும், அங்க ஒவ்வொரு செக்டர்லயும் தப்பைத் திருத்திக்க 2048 போக தனியா பைட் வச்சிருக்காங்க. பாட்டு ட்ராக்ல அந்த உபரி கிடையாது, தொலைஞ்ச இடத்தை டிரைவ் ஊகிச்சு ரொப்பும், முடியலன்னா கிளிக். டிரைவுக்கு டிரைவ் இது மாறும், ஒண்ணுல படிக்காதது இன்னொண்ணுல படிக்கும். டிஸ்கை எடுத்துட்டு வந்தது நல்லதாப் போச்சு.

லாட்ஜ் பக்கத்துல கம்ப்யூட்டர் ரிப்பேர் கடை. அந்த அண்ணன் குப்பையில இருந்து ஐடிஇங்கிற பழைய மாடல் சிடி டிரைவ் ஒண்ணை எடுத்து, கன்வர்ட்டர் கேபிளோட கொடுத்தார். காசு வேண்டாம்மா, வேலை முடிஞ்சதும் கொண்டு வாங்கன்னார்.

ஏப்ரல் 6

ப்ளஸ் 9. காய்ச்சல் 102. உள்ள யாரையும் விடல, அண்ணியையும்.

ஏப்ரல் 7

டிஸ்கை நடுவுல இருந்து விளிம்பு நோக்கி நேரா துடைக்கணும், வட்டமா துடைக்கக் கூடாது. துடைச்சேன். பாட்டு சிடியைக் காப்பி எடுக்கிற சாஃப்ட்வேர், எக்ஸாக்ட் ஆடியோ காப்பி, செக்யூர் மோட். ஒவ்வொரு செக்டரையும் ரெண்டு தடவையாவது படிக்கும், ரெண்டும் ஒத்துப் போகலன்னா திரும்பத் திரும்பப் படிக்கும். கீறல் இருக்கிற இடம் வந்ததும் டிரைவ் முனகுது, வேகம் குறைஞ்சு நின்னு நின்னு போகுது. நாலு மணி நேரத்துல அந்த ஒரு பாட்டு. கேட்டேன். ரெண்டு கிளிக் மட்டும் பாக்கி, முன்னாடி எண்ணவே முடியல. ட்ராக்குக்கு ஒரு பின்னா பிரிச்சு வச்சிருக்கேன், அதனால இந்த ஒண்ணை மட்டும் பென் டிரைவ்ல போட்டு மாத்தினா போதும்.

காய்ச்சல் 101.

ஏப்ரல் 8

அம்மா கேட்கிறாங்க, இந்த ராத்திரியில அது என்னம்மா சத்தம்னு. டிரைவ்மா, படிச்சுட்டு இருக்குன்னேன்.

ஏப்ரல் 9

ப்ளஸ் 12. காலையில ரத்தம் எடுத்துட்டு போயிருக்காங்க, கவுண்ட் பதினோரு மணிக்கு வரும். அந்த ரெண்டு கிளிக்குக்காக டிஸ்கைத் திரும்ப துடைச்சு மறுபடி ஓட விட்டிருக்கேன். 10:20. நாற்பத்திரெண்டு பர்சென்ட்.