சுங்கை சிப்புட் (மலேசியா) குறிப்புகள்: தன்பாலீர்ப்பை வீட்டில் சொல்வதற்கு முன்

19 ஜனவரி 2025
தைப்பூசத்துக்கு மூன்று வாரம். விரதம் இருக்கும் வீட்டில் இப்போது தன்பாலீர்ப்பு பற்றிப் பேச்செடுக்காதீர்கள். சாமி குத்தம், பரிகாரம் என்று பேச்சு திசைமாறிவிடும். பூசம் முடிந்து, மாரியம்மனுக்குக் காப்புக் கட்டுவதற்கு முன்பு சொல்லலாம். தோட்டத்துப் பழைய லயன் வீட்டில் (வரிசை வீட்டில்) வைத்துச் சொல்ல வேண்டாம். சுவருக்கும் கூரைக்கும் நடுவே சந்து இருந்தால் அடுத்த வீட்டு ஆயாவுக்கும் கேட்கும்.

26 ஜனவரி
இதைச் சொல்ல பலர் முதலில் அம்மாவிடம்தான் போவார்கள். அன்றிரவே அப்பாவுக்குத் தெரிந்துவிடும். வெளியூரில் வேலை பார்த்த அண்ணியோ சித்தியோ இருந்தால் அவரிடம் தொடங்குங்கள். பிறகு அம்மாவிடம் பேசும்போது பக்கத்தில் ஓர் ஆள் இருக்கும்.

அடையாளக் கார்டு, பிறப்புப் பத்திரம், எஸ்.பி.எம். (ஐந்தாம் படிவத் தேர்வு) சான்றிதழ் மூன்றும் அப்பாவின் இரும்பு அலமாரியில்தான் கிடக்கும். வேலைக்கு மனுப்போட என்று முன்பே வாங்கிவிடுங்கள். பள்ளியில் திறந்த வங்கிக் கணக்கில் பெற்றோர் பெயரும் இருக்கலாம். சம்பளம் தனிக் கணக்குக்குப் போகட்டும். ஈப்போவில் அறை எடுக்க பெரும்பாலும் இரண்டு மாத டெப்பாசிட்டும் ஒரு மாத வாடகையும் முன்கூட்டியே கேட்பார்கள். அந்தப் பணம் கையில் இல்லாமல் வாய் திறக்கவேண்டாம்.

9 பிப்ரவரி
"போலீஸ் பிடிக்குமா?" என்று வீட்டில் கேட்பார்கள். மழுப்பாதீர்கள். மலேசியத் தண்டனைச் சட்டம் 377பி பிரிவில் 20 ஆண்டு வரை சிறையும் பிரம்படியும் உண்டு. அது உறவுச் செயலுக்கான தண்டனை. இன்னார்மேல் நாட்டம் என்று சொல்வதற்கு அல்ல. ஷரியா சட்டம் இந்துக் குடும்பத்துக்குப் பொருந்தாது. துணையின் படம், வாட்சாப் எதையும் காட்டாதீர்கள்.

அவசரக் கல்யாணம்தான் பெரிய ஆபத்து. 1976 திருமணச் சட்டப்படி மணப்பவரின் சம்மதம் கட்டாயம். மிரட்டி நடந்ததென்று நிரூபித்தால் நீதிமன்றம் ரத்து செய்யலாம். பதிவு அதிகாரி கேட்கும்போது "சம்மதமில்லை" என்று சொல்வது அதைவிட எளிது.

16 பிப்ரவரி
அர்த்தநாரீசுவரர், அரவான் என்று வாதாடிப் பயனில்லை. "அது சாமி, நீ மனுசன்" என்பதோடு முடியும். அவர்களை உறுத்துவது வேறு: யார் கொள்ளி வைப்பது, முதுமையில் உன்னை யார் பார்ப்பது, திருவிழாவில் நம் குடும்பத்துக்கு என்ன இடம். பால்குடம் எடுப்பேன், கோயில் வரி கட்டுவேன், கொள்ளியும் வைப்பேன் என்று ஒவ்வொன்றாகச் சொல்லுங்கள். பல வீடுகளில் அதற்குப் பிறகுதான் சாப்பாடு தட்டுக்கு வரும்.

சாமியாடியிடம் கூட்டிப்போனால் கயிறு கட்டிக்கொள்ளலாம், திருநீறு பூசிக்கொள்ளலாம். மிளகாய்ப் புகை, அடி, பெயர் தெரியாத மருந்து என்றால் எழுந்து வந்துவிடுங்கள். உலகச் சுகாதார நிறுவனம் 1990-லேயே தன்பாலீர்ப்பை நோய்ப் பட்டியலிலிருந்து எடுத்துவிட்டது. குணமாக்க அங்கே ஒன்றுமில்லை.