வக்கீல் கையில் ஒரு பல்கலைக்கழகம்

சென்னையில் சிவில் பக்கம் வக்கீலாக இருக்கிறேன். அறக்கட்டளைப் பத்திரங்கள் எழுதுவது என் தொழிலில் பெரிய பங்கு. ஊர்ப் பள்ளிக்கு நிலம் எழுதி வைப்பவர்கள், அம்மா பெயரில் கல்லூரியில் பரிசு வைப்பவர்கள், ஏழைப் பிள்ளைகளின் படிப்புக்கு ஒரு தொகையை ஒதுக்க வருகிறவர்கள் என்று யாராவது வந்துகொண்டே இருப்பார்கள். பணம் கொடுக்க மனம் வந்துவிடும். எந்த நிபந்தனையோடு கொடுப்பது என்பதில்தான் பேச்சு மணிக்கணக்கில் இழுக்கும். "நான் போனப்புறம் இதை மாத்திட மாட்டாங்களே சார்?" என்று கேட்காமல் யாரும் கையெழுத்துப் போட்டதில்லை.

அந்தப் பழக்கத்தோடு படித்ததால்தான் அசுதோஷ் முகர்ஜியின் வாழ்க்கை என்னை இப்படிப் பிடித்துக்கொண்டது. அவரைக் கல்வியாளர் என்று கொண்டாடுகிறார்கள், சரி. ஆனால் கல்கத்தா பல்கலைக்கழகத்தை அவர் உருவாக்கிய விதம் முழுக்க வக்கீல் வேலை என்பது என் கட்சி.

1864-ல் கல்கத்தாவில் பிறந்தவர். அப்பா டாக்டர். பையனுக்குக் கணக்கில்தான் உயிர். கல்லூரியில் சேர்ந்த புதிதிலேயே யூக்ளிடின் ஒரு தேற்றத்துக்குப் புது நிரூபணம் எழுதி இங்கிலாந்துக் கணித இதழில் வெளியிட்டார். கணிதத்தில் எம்.ஏ., அடுத்த வருஷமே இயற்பியலில் எம்.ஏ. கல்வித் துறையில் வேலை தருவதாகச் சொன்னார் அதன் இயக்குநர் ஆல்ஃபிரட் கிராஃப்ட். வெள்ளைக்காரப் பேராசிரியருக்கு என்ன சம்பளமோ, என்ன அந்தஸ்தோ, அதையே எனக்கும் கொடுங்கள் என்று கேட்டார் அசுதோஷ். கிடைக்கவில்லை, வேலை வேண்டாம் என்று சொல்லிவிட்டார். ராஷ்பிகாரி கோஷ் என்ற பெரிய வக்கீலிடம் ஜூனியராகச் சேர்ந்து, 1888-ல் உயர்நீதிமன்றத்தில் வக்கீலானார். 1904-ல் நீதிபதி.

1906-ல் துணைவேந்தர் பதவி வந்தது. அன்றைக்கு அது சம்பளமில்லாத கௌரவப் பதவி. பகல் முழுக்க நீதிமன்றத்தில் உட்கார்ந்து வழக்குக் கேட்டுவிட்டு, அதற்குமேல் பல்கலைக்கழக வேலை. இப்படி 1914 வரைக்கும் தொடர்ந்து நான்கு தவணை, 1921-லிருந்து இன்னொரு தவணை. ஒரு சாதாரண மேல்முறையீட்டுக் கட்டைப் படித்து முடிப்பதற்குள்ளேயே எனக்குப் பொழுது போய்விடுகிறது. அவர் தீர்ப்பும் எழுதினார், பல்கலைக்கழகத்தின் ஆட்சி மன்றமான செனட்டையும் நடத்தினார்.

முக்கியமான இடத்துக்கு வருகிறேன். 1904-ல் வைஸ்ராய் கர்சன் பிரபு இந்தியப் பல்கலைக்கழகங்கள் சட்டத்தைக் கொண்டுவந்தார். செனட்டைச் சுருக்கி, பெரும்பாலான உறுப்பினர்களை அரசாங்கமே நியமிக்கும்படி செய்த சட்டம் அது. கோகலே சட்டசபையில் கடுமையாக எதிர்த்தார். வங்காளத்தில் கொதிப்பு அடங்கவில்லை; அதற்கு அடுத்த வருஷம் வங்கப் பிரிவினையும் சேர்ந்துகொண்டது. அரசாங்கப் பல்கலைக்கழகமே வேண்டாம், தேசியக் கல்வி நிலையங்களைத் தொடங்குவோம் என்று தலைவர்கள் கிளம்பினார்கள். அந்த முயற்சிக்குத் தலைமை தாங்கியவர் அசுதோஷின் சீனியர் ராஷ்பிகாரி கோஷ்தான்.

அசுதோஷ் அந்தச் சட்டத்தின் 3-ம் பிரிவைப் படித்தார். பல்கலைக்கழகம் மாணவர்களுக்குப் பாடம் நடத்த ஏற்பாடு செய்யலாம், பேராசிரியர்களை நியமிக்கலாம், கல்விக்காகத் தரப்படும் அறக்கட்டளைச் சொத்துகளை ஏற்று நிர்வகிக்கலாம், நூலகமும் ஆய்வுக்கூடமும் கட்டலாம் என்று அந்தப் பிரிவு சொல்கிறது. அதுவரை கல்கத்தா பல்கலைக்கழகம் பரீட்சை வைத்துப் பட்டம் கொடுக்கும் இடமாகத்தான் இருந்தது. பாடம் நடந்ததெல்லாம் கல்லூரிகளில். கட்டுப்படுத்துவதற்காக எழுதிய சட்டத்துக்குள்ளேயே ஒரு பல்கலைக்கழகத்தைப் புதிதாகக் கட்டுவதற்கான அதிகாரமும் கிடந்தது. மற்றவர்கள் அந்தச் சட்டத்தை எரிக்கப் பார்த்தார்கள். இவர் அதை வைத்தே வேலையைத் தொடங்கினார். எதிராளி தாக்கல் செய்த ஆவணத்திலேயே தன் கட்சிக்காரருக்குச் சாதகமான வரியைக் கண்டுபிடிக்கிற வக்கீலை நான் என் வாழ்க்கையில் இரண்டு மூன்று பேரைத்தான் பார்த்திருக்கிறேன்.

1909-ல் சட்டக் கல்லூரி வந்தது. அப்புறம் அறிவியல் கல்லூரி. அரசாங்கத்திடம் பணம் கேட்டார், கிடைத்தது கொஞ்சம்தான். அள்ளிக் கொடுத்தவர்கள் இரண்டு வக்கீல்கள். 1912-ல் தாரகநாத் பாலித் பணமும் நிலமுமாக ஏறக்குறைய 15 லட்சம் ரூபாய் பெறுமானமுள்ள சொத்தை எழுதிக் கொடுத்தார். 1913-ல் ராஷ்பிகாரி கோஷ் 10 லட்சம் கொடுத்தார், பின்னாலும் கொடுத்தார். தேசியக் கல்வி இயக்கத்துக்கு வாரி வழங்கிக்கொண்டிருந்த அதே இருவர், அரசாங்கச் சட்டத்தின் கீழ் இயங்கும் பல்கலைக்கழகத்தை நம்பிக் கொடுத்திருக்கிறார்கள் என்றால், அது அசுதோஷ் என்கிற மனிதரை நம்பிக் கொடுத்தது. 1914 மார்ச்சில் அப்பர் சர்க்குலர் ரோட்டில் அடிக்கல் நாட்டினார்கள்.

அந்த நன்கொடைகளோடு வந்த நிபந்தனைதான் என்னைப் பொறுத்தவரை எல்லாவற்றுக்கும் மேல். இந்தப் பணத்தில் ஏற்படும் பேராசிரியர் பதவிகளுக்கு இந்தியர்களைத்தான் நியமிக்க வேண்டும். கிராஃப்ட் முன்னால் நின்று சம அந்தஸ்து கேட்ட இளைஞருக்கு அன்று கிடைக்காதது, கால் நூற்றாண்டு கழித்து அறக்கட்டளைப் பத்திரத்தில் ஒரு வாசகமாக உட்கார்ந்துவிட்டது. கொடை விஷயத்தில், கொடுத்தவர் வைத்த நிபந்தனையை மீறுவது எந்த நிர்வாகத்துக்கும் லேசான காரியமில்லை. மேடையில் சமத்துவம் பேசியிருந்தால் அடுத்து வருகிறவர் மறந்திருப்பார். பத்திரத்தில் எழுதியதை மறக்க முடியாது.

அதே பத்திரத்தில் இன்னொரு சிக்கலும் இருந்தது. பேராசிரியர் வெளிநாடு போய்ப் பயிற்சி பெற வேண்டும் என்று ஒரு விதி. இயற்பியலுக்கான பாலித் பதவிக்கு அசுதோஷ் மனதில் வைத்திருந்தது நம் திருச்சியில் பிறந்த சி.வி.ராமனை. ராமன் அப்போது கல்கத்தாவில் நிதித் துறை அதிகாரி. ஆபீஸ் நேரம் போக பௌபஜார் தெருவிலிருந்த இந்திய அறிவியல் வளர்ச்சிச் சங்கத்தின் ஆய்வுக்கூடத்தில் சோதனை செய்துகொண்டிருந்தார். பயிற்சிக்காகக் கடல் தாண்ட மாட்டேன் என்று ராமன் உறுதியாகச் சொல்லிவிட்டார். ஆள் வேண்டுமா, விதி வேண்டுமா? இந்தியராக இருக்க வேண்டும் என்பது கொடையின் உயிர். வெளிநாட்டுப் பயிற்சி அதற்கு ஒரு துணை ஏற்பாடு. முதலாவதைத் தொடாமல் இரண்டாவதைத் தளர்த்தினார்கள். 1917-ல் ராமன் வேலைக்குச் சேர்ந்தார், பழைய சம்பளத்தில் ஏறக்குறைய பாதிக்கு. 13 வருஷத்தில் நோபல் பரிசு. அந்தத் தளர்வு நடக்காமல் போயிருந்தால், ராமன் பென்ஷன் வாங்கும் வரை அரசாங்கக் கணக்கைப் பார்த்துக்கொண்டிருந்திருப்பாரோ என்று நினைத்தாலே எனக்குப் பகீரென்கிறது.

ராமனோடு நிற்கவில்லை. வேதியியலுக்கு பி.சி.ராய். அப்போதுதான் படிப்பை முடித்திருந்த சத்யேந்திரநாத் போஸ், மேகநாத் சாகா இருவருக்கும் விரிவுரையாளர் வேலை. 1921-ல் தத்துவத்துக்கு மைசூரிலிருந்து ராதாகிருஷ்ணன். இந்திய மொழிகளில் எம்.ஏ. படிக்கலாம் என்று ஆனது 1919-ல். வங்காளி, மதராசி என்று பார்க்காமல் ஆளைப் பார்த்து எடுத்தார். இன்றைய நியமனங்களைப் பற்றிக் காதில் விழுகிறதைக் கேட்கும்போது இது மனதை அறுக்கிறது.

அவர்மேல் குற்றச்சாட்டு இல்லாமல் இல்லை. பரீட்சைத் தரத்தை இறக்கிவிட்டார், எல்லாவற்றையும் தன் கைக்குள்ளேயே வைத்துக்கொண்டார், துறைகளைக் கட்டுக்கடங்காமல் பெருக்கிக் கடனில் தள்ளினார் என்று ஜாதுநாத் சர்க்கார் போன்ற பெரிய வரலாற்றாசிரியர்களே எழுதினார்கள். கடைசிக் குற்றச்சாட்டில் உண்மை இருக்கிறது. 1922-ல் கஜானா காலி. வங்காள அரசு இரண்டரை லட்சம் ரூபாய் தருவதாகச் சொல்லி, கூடவே தன் கட்டுப்பாட்டுக்கான நிபந்தனைகளையும் நீட்டியது. அசுதோஷ் செனட்டில் எழுந்து பேசினார். ஒரு கையில் அடிமைத்தனம், மறு கையில் பணம். எனக்கு இது வேண்டாம், செலவைச் சுருக்கிக்கொள்வோம், வீடு வீடாகப் போய்க் கேட்போம் என்கிற பேச்சு அது. முதலிலும் சுதந்திரம், இரண்டாவதும் சுதந்திரம், என்றைக்கும் சுதந்திரம் என்று முடித்தார்.

1923 மார்ச்சில் பதவிக்காலம் முடியும் நேரம். வங்காள ஆளுநர் லிட்டன் பிரபுதான் வேந்தர். எதிர்ப்பை விட்டுவிட்டு அரசாங்கத்தோடு ஒத்துப்போவதாக உறுதி கொடுத்தால் இன்னொரு தவணை தருகிறேன் என்று கடிதம் எழுதினார். இரண்டே நாளில் பதில் போனது. எங்களை மனிதர்களாக்க விரும்புவதாகச் சொல்கிறீர்கள். மனதில் பட்டதை அஞ்சாமல் சொல்லிச் செய்கிற ஒரு மனிதன் உங்கள் முன்னால் நிற்கிறான், அவனைப் பார்க்க உங்களால் பொறுக்கவில்லை என்று எழுதி, அவமானகரமான இந்த ஏற்பாட்டை நிராகரிக்கிறேன் என்று முடித்திருந்தார். ஆளுநர், வேந்தர், துணைவேந்தர் நியமனம் என்று நம் ஊரில் வழக்கு நடந்துகொண்டிருக்கிற இந்தக் காலத்தில் சட்ட மாணவர்கள் எல்லோரும் அந்தக் கடிதத்தை ஒருமுறை படிக்க வேண்டும். துணைவேந்தராக இருக்க ஆசைப்படுகிறவர்கள் இரண்டு முறை படிக்கலாம்.

அந்த வருஷமே நீதிபதி பதவியிலிருந்தும் ஓய்வு. மறுபடி கோட்டு மாட்டிக்கொண்டு வழக்காடப் போனார். டும்ராவ் ஜமீன் வழக்குக்காக பாட்னா போன இடத்தில் 1924 மே 25 அன்று இறந்துபோனார். அறுபது வயது நிறையவில்லை.

அவர் மகள் கமலா சிறு வயதிலேயே விதவையானவள். 1908-ல், ஊர் வாயையெல்லாம் பொருட்படுத்தாமல், அவளுக்கு மறுமணம் செய்துவைத்தார். 1923-ல் கமலா இறந்துவிட்டாள். சாவதற்கு முன் அசுதோஷ் தன் பல்கலைக்கழகத்துக்கு எழுதிக் கொடுத்த கொடை அவள் பெயரில்தான். இந்திய வாழ்வையும் சிந்தனையையும் பற்றி வங்க மொழியிலோ ஆங்கிலத்திலோ தொடர் சொற்பொழிவு நடக்க வேண்டும் என்பது நிபந்தனை. அவர் போனப்புறமும் அது நடந்தது. முதலில் பேசியவர் அன்னி பெசன்ட். 1935-ல் பேசியவர் நம் தஞ்சாவூர்ப் பக்கத்து பி.எஸ்.சிவசாமி ஐயர், இந்து ஒழுக்க இலட்சியங்களின் வளர்ச்சி பற்றிப் பேசினார். அவரும் வக்கீல்தான், மதராஸின் அட்வகேட் ஜெனரல், 1916 முதல் 1918 வரை மதராஸ் பல்கலைக்கழகத் துணைவேந்தர். திருக்காட்டுப்பள்ளியில் அவர் நடத்திய பள்ளியைப் பற்றியும், அதற்காகத் தன் சொத்தை அவர் செலவழித்த விதத்தைப் பற்றியும் அடுத்த பதிவில் எழுதுகிறேன். அந்தப் பள்ளியில் படித்தவர்கள் யாராவது இதை வாசித்தால், உங்களுக்குத் தெரிந்ததைச் சொல்லுங்கள்.