ஒரு பிடி மண்

மார்ச் 3
சோஃபோக்ளிஸின் கிரேக்க நாடகம் 'ஆன்டிகனி' 1353 வரி. என் குறும்படத்துக்குக் கையில் இருப்பது 12 நிமிடம்.

மார்ச் 4
அம்மாவிடம் ஆன்டிகனி கதையைச் சொன்னேன்: செத்துக் கிடக்கும் சகோதரனைப் புதைக்கக்கூடாது என்கிறான் ராஜா கிரியோன், அவள் மீறிப் போய் மண் போடுகிறாள். "அந்த ராஜா அவளுக்கு என்ன முறை?" என்றாள். தாய்மாமன். "அப்ப கட்டிக்கப்போறது மாமன் மகனையா? இது வீட்டுச் சண்டைடி." கிரியோனுக்கு நான் எழுதிவைத்திருந்த இரண்டு பக்க அறிமுகத்தைக் கிழித்துப் போட்டேன். "மாமா" என்று அவள் ஒரு தடவை கூப்பிட்டால் போதும். அரசன் வேண்டாம், கரைவேட்டி கட்டிய ஊர்த்தலைவர்.

மார்ச் 7
அண்ணன் இரண்டு இட்லி சாப்பிட்டான்.

மார்ச் 8
கோரஸ், நாடகத்தின் கூட்டுக்குரல். தீப்ஸ் நகரத்துப் பெரியவர்கள் 15 பேர். டீக்கடை பெஞ்ச் என்கிறான் கேமராக்காரன். எத்தனை படத்தில்தான் அந்த பெஞ்ச்! இழவு வீட்டு பிளாஸ்டிக் நாற்காலி 15, ஆள் யாரும் இல்லை, குரல் மட்டும். வாடகைக்குச் சொல்லியாயிற்று.

மார்ச் 10
மூலத்தில் மண் போடுவது மேடையில் நடப்பதில்லை, காவலன் வந்து சொல்வதுதான். நான் காட்டப்போகிறேன். செம்மண்ணை வெள்ளைத் துணிமேல் விட்டால் திரையில் ரத்தம். ஆற்றுமணல் சர்க்கரை மாதிரி வழுக்குகிறது. "தாகம் கொண்ட புழுதி" என்கிறான் காவலன். கடைசியில் தெருப்புழுதியை அள்ளி மாவுச் சல்லடையில் சலித்தேன். விரலிடுக்கில் இறங்கியது, புகை மாதிரி. சல்லடைக்காக அம்மாவிடம் திட்டு.

மார்ச் 11
இரண்டாம் தடவைதான் இடிக்கிறது. ஒரு தடவை மண் தூவியாயிற்று, சடங்குக்கு அது போதும். காவலர்கள் துடைத்துவிட்டு, நாற்றத்துக்குப் பயந்து காற்றுக்கு எதிரே உட்கார்ந்திருக்கிறார்கள். உச்சி வெயிலில் ஏன் திரும்பப் போகிறாள்? முதல் தடவை தூவியது தெய்வங்கள் என்றுகூட ஆய்வாளர்கள் சிலர் வாதாடுகிறார்கள். போங்கய்யா.

மார்ச் 12
அண்ணன் பேசவில்லை.

மார்ச் 14
கணவனுக்கோ பிள்ளைக்கோ இதைச் செய்திருக்க மாட்டேன், பெற்றவர்கள் போனபின் இன்னொரு சகோதரன் எனக்குப் பிறக்கமாட்டான் என்கிறாளே, அந்த இடம். அரிஸ்டாட்டில் மேற்கோள் காட்டிய வரிகள். ஜெர்மன் கவிஞர் கோத்தேவுக்குப் பிடிக்கவில்லை, இடைச்செருகல் என்று யாராவது நிரூபித்தால் தேவலை என்றார். காலையில் வெட்டினேன். ராத்திரி திரும்பச் சேர்த்தேன்.

மார்ச் 15
படப்பிடிப்பு தள்ளிப்போகிறது. நாற்காலிக்காரர் முன்பணம் திரும்பக் கிடைக்காது என்கிறார். சரி.

மார்ச் 16
வார்டில் அண்ணனின் போர்வையை நர்ஸ் விலக்கிவிட்டுப் போனார். கால் தெரிந்தது. போர்த்திவிட்டேன். பத்து நிமிடத்தில் வேறொருவர் வந்து விலக்கினார். காய்ச்சலாம், போர்த்தக்கூடாதாம். அவர் கதவைத் தாண்டும்வரை பார்த்துக்கொண்டிருந்துவிட்டு