ஜாடியைத் தொடாத கை

“எல்லாமே கற்பனைதான்னா, இதை மட்டும் ஏன்க்கா அப்படியே எடுத்துக்கிட்டீங்க?”

ரிவ்யூ மீட்டிங்கில் டெஸ்டிங் டீமில் இருந்த பெண் கேட்டது இது. நான் கதை எழுதிய அந்த வீடியோ கேம் வெளியாகி இப்போது ஒரு வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது. அந்த வேலையில் எத்தனையோ பேரிடம் எத்தனையோ பேச்சு கேட்டிருக்கிறேன், எதுவும் மனதில் தங்கவில்லை. இது தங்கிவிட்டது.

அவள் சொன்ன ‘இது’ ஒரே ஒரு வரி. நுரைக்காரிகளுக்கு நான் எழுதிய சட்டங்களில் ஏழாவது: ‘தூரமான பெண் தொட்டால் ஜாடி செத்துப்போகும்.’ தூரம் என்றால் மாதவிலக்கு.

நுரைக்காரிகளை நான் ஆசை ஆசையாக உருவாக்கினேன். தானியத்தையும் பூவையும் புளிக்க வைத்து, பொங்கி வரும் நுரையிலிருந்து மறந்துபோன நினைவுகளை மீட்டுத் தரும் மலைநாட்டுப் பெண்கள். முதலில் ஊறல்காரிகள் என்றுதான் பெயர் வைத்திருந்தேன். நம்மூரில் ஊறல் என்றாலே போலீஸ் கொட்டி அழிக்கும் சாராய ஊறல்தான் நினைவுக்கு வரும் என்பதால் மாற்றினேன். அவர்களுக்காக நிறைய படித்தேன். நார்வேயின் பண்ணை வீடுகளில் பீருக்கான ஈஸ்ட்டை மர வளையங்களில் காயவைத்துத் தலைமுறை தலைமுறையாகக் காப்பாற்றி வந்திருக்கிறார்கள். அதைப் போடும்போது உரக்கக் கத்துகிற வழக்கமும் இருந்திருக்கிறது. கத்தினால்தான் பீர் நன்றாக வரும் என்று நம்பிக்கை. அதைப் படித்த இரவு எனக்குத் தூக்கமே வரவில்லை. என் நுரைக்காரிகளும் ஜாடிக்குள் குனிந்து கத்துவார்கள், இறந்துபோன பாட்டியின் பெயரைச் சொல்லி.

ஏழாவது சட்டத்துக்கு மட்டும் நான் எதையும் படிக்கவில்லை. அது அம்மா வீட்டு ஸ்டோர் ரூமிலிருந்து வந்தது. வாயில் வெள்ளைத் துணி கட்டிய பீங்கான் ஜாடி. விளக்கெண்ணெய் புரட்டி உப்பில் போட்ட மாவடு, நாளாக ஆகத் தோல் சுருங்கி, கடுகு வாசனையோடு தண்ணீர் விட்டுக்கொண்டு கிடக்கும். 13 வயதில் நிலைப்படிக்கு வெளியே நின்றபடி, அம்மா மரக்கரண்டியால் கிளறுவதைப் பார்த்திருக்கிறேன். “அங்கேயே நில்லு, நிழல்கூட விழக்கூடாது.” எனக்கு அப்போது கோபம் வந்ததாக நினைவில்லை. உள்ளே ஏதோ பெரிய காரியம் நடக்கிறது என்ற பிரமிப்புதான் இருந்தது. அந்தப் பிரமிப்பைத்தான் கேமில் வைக்க நினைத்தேன்.

அந்த வரியை எடுத்துவிடலாமா என்று அவள் கேட்டபோது இதையெல்லாம் நான் சொல்லவில்லை. ஜப்பானைச் சொன்னேன். சாமுராய்கள் ஆண்ட எடோ காலத்தில் சாகே என்ற அரிசி மது காய்ச்சும் கூடத்துக்குள் பெண்களை விடாமல் வைத்திருந்தார்கள், இன்றைய ஈராக் பக்கம் இருந்த பழைய சுமேரியாவில் பீருக்கே நின்காசி என்று ஒரு பெண் தெய்வம் இருந்தாள், இரண்டும் மனித சரித்திரம்தான் என்றேன். ஒரு உலகத்தைக் காட்டினால் அதன் அழுக்கையும் சேர்த்துத்தான் காட்ட வேண்டும் என்றேன். இப்போதும் அது சரி என்றே நினைக்கிறேன். அதற்குப் பதிலாகத்தான் அவள் அந்தக் கேள்வியைக் கேட்டாள்.

“நாலாவது அத்தியாயத்துல அது பொய்னு வரும்மா” என்றேன். அதுவும் உண்மை. தூரமான ஒரு சிறுமி இரண்டு கையையும் ஜாடிக்குள் விடுவாள், அந்த ஜாடிதான் ஊரிலேயே அதிகமாகப் பொங்கும். எழுதி வைத்திருந்தேன்.

“சரிக்கா.”

அவ்வளவுதான். லேப்டாப்பில் ஏதோ தட்டிவிட்டு அடுத்த விஷயத்துக்குப் போய்விட்டாள். அந்தச் ‘சரி’யை எத்தனை முறை ஓட்டிப் பார்த்திருப்பேன்! ஒப்புக்கொண்டாளா, இவளிடம் பேசிப் பயனில்லை என்று விட்டாளா, தெரியவில்லை.

ரிலீஸ் நெருங்கியபோது எதையாவது வெட்டியே ஆகவேண்டும் என்ற நிலை. நாலாவது அத்தியாயத்தைச் சொன்னதே நான்தான். அதில் அனிமேஷன் வேலை மற்றதைவிட அதிகம், கதையும் அது இல்லாமல் நின்றது. ஏழாவது சட்டம் அப்போது நினைவுக்கு வரவில்லை என்று கொஞ்ச நாள் எனக்கே சொல்லிக்கொண்டேன். வந்தது. ஒரு வரியை அழிக்க ஒரு நிமிஷம் போதும். ஆனால் சட்டங்களிலேயே காதில் நன்றாக விழுந்த வரி அதுதான். விட்டுவிட்டேன். அது பொய் என்று சொல்லும் இடம் போய்விட்டது, சட்டம் மட்டும் நின்றுவிட்டது.

அப்புறம்தான் இட்லி மாவைப் பற்றிப் படித்தேன். மாவைப் பொங்க வைக்கும் லூகோனோஸ்டாக் என்ற பாக்டீரியா பெரும்பாலும் உளுந்தோடேயே வந்துவிடுகிறது. கரைக்கும் கை யாருடையதாக இருந்தாலும் அது தன் வேலையைச் செய்யும். படித்ததும் நிம்மதிதான் வந்திருக்க வேண்டும், வரவில்லை. நம் வீடுகளில் கைவாகு என்கிறோமே, இவள் கரைத்தால் மாவு பூவாகப் பொங்கும் என்கிறோமே, அதை நான் மனதார நேசிக்கிறேன். நுரைக்காரிகளே அதிலிருந்து பிறந்தவர்கள்தான். ஒரு கை உயிர் கொடுக்கும் என்று நம்பினால், இன்னொரு கை கெடுக்கும் என்பது பின்னாலேயே வந்துவிடுமோ? சில நாள் அப்படித் தோன்றுகிறது. சில நாள், நார்வேக்காரர்களின் கத்தலுக்கு யார் கையும் வேண்டியிருக்கவில்லையே, நான் அதோடு நிறுத்தியிருக்கலாமே என்று தோன்றுகிறது.

அந்தப் பெண் இப்போது வேறு வேலையில் இருக்கிறாள். ஒரு மெசேஜ் பாதி எழுதி வைத்திருக்கிறேன். மன்னிப்பாக ஆரம்பித்து, மூன்றாவது வரியில் மறுபடி ஜப்பானுக்குப் போய்விடுகிறது.

இந்தக் கோடையில் ஊருக்குப் போயிருந்தேன். அம்மாவுக்கு இப்போது தோள்பட்டை வலி. “நீ கொஞ்சம் கிளறிடேன்” என்று மரக்கரண்டியை நீட்டினாள். எனக்கு அன்று இரண்டாம் நாள். அம்மாவுக்கு அது தெரியாது, அவள் கேட்கவும் இல்லை.

“நீயே கிளறும்மா, எனக்கு ஒரு கால் வருது” என்று சொல்லிவிட்டு வெளியே வந்துவிட்டேன். ஜாடியில் கரண்டி இடிக்கும் சத்தம் திண்ணை வரைக்கும் கேட்டது.