இஎம்ஐயை விடுங்கள், மாதங்களை எண்ணுங்கள்

வீட்டுக் கடனுக்குப் போகிறவர்கள் வங்கியில் முதலில் கேட்பது "மாசம் எவ்வளவு வரும்?" என்பதுதான். பதிலும் சட்டென்று வந்துவிடும். 50 லட்சம் கடன், 8.5 சதவீத வட்டி, 20 வருடம் என்றால் மாதத் தவணை 43,391 ரூபாய். சம்பளத்துக்குள் அது அடங்கினால் கையெழுத்தாகிவிடும். கடனுக்கு நாம் கொடுக்கும் விலை அந்தத் தொகையில் தெரியாது. அதை எத்தனை மாதம் கட்டப் போகிறோம் என்பதில்தான் விலை இருக்கிறது.

43,391-ஐ 240-ஆல் பெருக்கினால் 1 கோடியே 4 லட்சத்துக்குச் சற்று மேலே வரும். அதாவது வட்டி மட்டும் 54 லட்சம். இதில் மறைமுகம் எதுவும் இல்லை. கணக்கு மிக எளிமையானது: இன்றைய நிலுவையை ஆண்டு வட்டியால் பெருக்கி 12-ஆல் வகுத்தால் இந்த மாத வட்டி. முதல் மாதம் அது 35,417 ரூபாய். தவணையில் மீதம் 7,974 மட்டுமே அசலில் கழிகிறது. முதல் வருடம் முழுவதும் 5.2 லட்சம் கட்டியிருப்பீர்கள், ஆனால் அசலில் 1 லட்சம்கூடக் குறைந்திருக்காது. ஐந்து வருடம் கழித்து, 26 லட்சம் கட்டிய பிறகும், 44 லட்சம் பாக்கி நிற்கும். தவணையில் அசல் பங்கு வட்டிப் பங்கைத் தாண்டுவது 143-வது மாதத்தில். நிலுவை 25 லட்சமாக, அதாவது பாதியாக, இறங்க ஏறத்தாழ 13 வருடம் 10 மாதம் ஆகும்.

"வங்கி முதலில் வட்டியை எடுத்துக்கொள்கிறது" என்று சொல்வது வழக்கம். உண்மையில் யாரும் முன்கூட்டி எதையும் எடுப்பதில்லை. நிலுவை பெரிதாக இருக்கும்போது வட்டியும் பெரிதாக இருக்கிறது, அவ்வளவுதான். இதைப் புரிந்துகொண்டால் பின்னால் வரும் பல தவறான முடிவுகளைத் தவிர்க்கலாம்.

இதே கடனை 15 வருடத்துக்கு எடுத்தால் தவணை 49,237. மாதம் 5,846 ரூபாய் கூடுதல். மொத்த வட்டி 38.6 லட்சமாகக் குறையும், அதாவது 15.5 லட்சம் மிச்சம். 30 வருடத்துக்கு நீட்டினால் தவணை 38,446. மாதம் 4,945 ரூபாய் குறைகிறது என்று மனம் மகிழும். வட்டியோ 88.4 லட்சமாக ஏறிவிடும். மாதம் ஐயாயிரம் கையில் நிற்க 34 லட்சம் விலை.

இந்தப் பெரிய எண்களைக் கண்டு மிரளவும் வேண்டாம். 20 வருடம் கழித்துக் கட்டும் 43,391 ரூபாய், இன்றைய 43,391 அல்ல. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறினால் அந்தக் கடைசித் தவணையின் மதிப்பு இன்றைய கணக்கில் 16,400 ரூபாய்க்கும் குறைவு. 1 கோடியே 4 லட்சம் என்பது வெவ்வேறு காலத்து ரூபாய்களை ஒன்றாகக் கூட்டிய எண். இரண்டு கடன்களை ஒப்பிட அது உதவும், தூக்கம் கெட அது காரணமாக வேண்டியதில்லை.

வட்டி ஏறும்போது சத்தமில்லாமல் நடப்பது

வட்டி மாறாது என்று வைத்துத்தான் மேலே உள்ள கணக்கெல்லாம். இந்தியாவில் பெரும்பாலான வீட்டுக் கடன்கள் ஃப்ளோட்டிங், அதாவது வட்டி அவ்வப்போது மாறும் வகை. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் புதிதாகத் தரும் ஃப்ளோட்டிங் வீட்டுக் கடன்களை ரெப்போ (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் தரும் வட்டி விகிதம்) போன்ற வெளி அளவுகோலோடு இணைக்க வேண்டும், மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது வட்டியைத் திருத்த வேண்டும். வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு இந்தக் கட்டாயம் இல்லை. அவை தாங்களே வகுத்துக்கொள்ளும் அடிப்படை விகிதத்தில் ஓடுகின்றன. ரெப்போ இறங்கிய செய்தி வந்த மாதமே உங்கள் வட்டி இறங்காததற்கு இதுவே முக்கியக் காரணமாக இருக்கலாம்.

2022 மே தொடக்கத்தில் ரெப்போ 4 சதவீதமாக இருந்தது. 2023 பிப்ரவரிக்குள் 6.5 ஆனது. அந்த ஒன்பது மாதத்தில் என்ன நடந்தது என்பதைப் புரிந்துகொள்ள ஒரு கணக்கு: 6.75 சதவீதத்தில் 50 லட்சம், 20 வருடம், தவணை 38,018. ஒரு வருடம் கட்டிய பிறகு பாக்கி 48.78 லட்சம். வட்டி 9.25-க்கு ஏறுகிறது. ஒரு மாத வட்டி மட்டும் இப்போது 37,598 ரூபாய். தவணையை மாற்றாமல் விட்டால் அசலில் கழிவது மாதம் 420 ரூபாய். கடன் முடிய இன்னும் ஏறக்குறைய 49 வருடம்! வட்டி இன்னும் கால் சதவீதம் ஏறினால் தவணை வட்டிக்கே போதாது, பாக்கி மாதாமாதம் வளரும்.

தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டுவதே பல வங்கிகளின் வழக்கம். கணக்கிலிருந்து போகும் தொகை மாறாததால் யாரும் கவனிப்பதில்லை. இதனால்தான் 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்று கடனாளியிடம் கேட்க வேண்டும். பாக்கி வளரும் நிலைக்குக் காலத்தை நீட்டக் கூடாது. இதுவரை கட்டிய அசல், வட்டி, மீதித் தவணைகளின் எண்ணிக்கை ஆகியவற்றோடு காலாண்டுக்கு ஒருமுறை அறிக்கை தர வேண்டும்.

அந்த அறிக்கையில் பார்க்க வேண்டிய ஒரே இடம் மீதித் தவணைகளின் எண்ணிக்கை. போன காலாண்டைவிட அது 3 குறைந்திருக்க வேண்டும். அப்படியே நின்றாலோ கூடியிருந்தாலோ உங்கள் கடன் நீண்டுவிட்டது. கிளைக்கு எழுத்தில் கொடுங்கள்: "முதலில் ஒப்புக்கொண்ட முடிவுத் தேதிக்குள் கடன் முடியும்படி தவணையைத் திருத்தவும்."

2025-இல் ரெப்போ 6.5-இலிருந்து 5.25 வரை இறங்கியது. இறங்கும்போது ஆசை எதிர்த்திசையில் இழுக்கும், தவணையைக் குறைத்துக்கொள்ளலாமே என்று. பழைய தவணையையே தொடர்வது நல்லது. ஏற்கெனவே பழகிய செலவு, காலம் தானாகச் சுருங்கும். இன்னொன்று, ரெப்போவுக்கு மேல் வங்கி வைக்கும் கூடுதல் விகிதம் பழைய வாடிக்கையாளருக்கு அதிகமாகவும் புதியவருக்குக் குறைவாகவும் இருப்பது உண்டு. இணையதளத்தில் புதியவருக்கான விகிதத்தைப் பாருங்கள். கால் சதவீதத்துக்கு மேல் வித்தியாசம் இருந்தால் மாற்றுக் கட்டணம் கட்டி அதற்கு மாறுவது பெரும்பாலும் லாபம். கேட்காமல் தரமாட்டார்கள்.

முன்கூட்டிக் கட்டுவது

தனிநபருக்கான ஃப்ளோட்டிங் வீட்டுக் கடனை முன்கூட்டி அடைக்க அபராதம் கிடையாது. நிலையான வட்டிக் கடனுக்கு இருக்கலாம், ஒப்பந்தத்தைப் பாருங்கள்.

நம் 8.5 சதவீதக் கடனில் முதல் வருட முடிவில் 1 லட்சம் கூடுதலாகக் கட்டி, தவணையை மாற்றாமல் விட்டால் கடன் 11 மாதம் முன்னதாக முடியும். மிச்சமாகும் வட்டி 3.8 லட்சம். அதே 1 லட்சத்தை 15-வது வருட முடிவில் கட்டினால் மிச்சம் 51,000 தான். ஆனால் இதைக் காட்டி "ஆரம்பத்தில் கட்டினால் ஏழு மடங்கு லாபம்" என்று சொல்வது பாதி உண்மை. இரண்டு இடத்திலும் அந்தப் பணம் ஈட்டுவது அதே 8.5 சதவீதம். முதலாவது 18 வருடம் ஈட்டுகிறது, இரண்டாவது 5 வருடம். ஆகவே ஒப்பிட வேண்டியது வேறு: வரி போக 8.5 சதவீதத்தை உறுதியாகத் தரும் இடம் வேறு இருக்கிறதா? வைப்பு நிதியில் கிடைக்காது. அவசரத்துக்கென்று ஆறு மாதச் செலவைத் தனியே வைத்த பிறகு, அட்டைக் கடன், தனிநபர் கடன் போன்றவற்றை அடைத்த பிறகு, மீதி வீட்டுக் கடனுக்குப் போகலாம்.

சறுக்கும் இடம் ஒன்று உண்டு. பகுதித் தொகை கட்டும்போது "தவணையைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா?" என்று படிவத்தில் கேட்கும். சில இடங்களில் கேட்காமலே தவணையைக் குறைத்துவிடுவார்கள். மேலே சொன்ன 1 லட்சத்துக்குத் தவணை மாதம் 885 ரூபாய் குறையும், ஆனால் மொத்த மிச்சம் 3.8 லட்சத்திலிருந்து 1 லட்சமாகச் சுருங்கிவிடும். காலத்தைக் குறைக்கச் சொல்லி, மறுநாள் புதிய தவணை அட்டவணையை இறக்கிப் பாருங்கள்.

பெரிய தொகை கைக்கு வராதவர்களுக்கு வருடம் ஒரு தவணை கூடுதலாக, போனஸ் மாதத்தில் கட்டுவது சரிப்படும். 20 வருடக் கடன் 16 வருடம் 9 மாதத்தில் முடியும், வட்டியில் சுமார் 10 லட்சம் மிச்சம்.

வட்டி என்ற பெயரில் வராத செலவுகள்

செயலாக்கக் கட்டணம் அரை சதவீதம் என்றால் 25,000, அதன்மேல் 18 சதவீத ஜிஎஸ்டி 4,500. தமிழ்நாட்டில் பத்திரத்தை அடமானம் வைத்ததற்கான எம்ஓடி ஆவணத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிய வேண்டும். முத்திரைத் தீர்வை கடன் தொகையில் அரை சதவீதம், அதோடு பதிவுக் கட்டணம், இரண்டுக்கும் உச்சவரம்பு உண்டு. 50 லட்சத்துக்கு 30,000-ஐ ஒட்டி ஆகும். வழக்கறிஞர் கருத்து, மதிப்பீட்டாளர் கட்டணம் தனி.

இவற்றைவிடக் கனமானது காப்பீடு. கடனோடு சேர்த்து ஒற்றை பிரீமியப் பாலிசி ஒன்றை நீட்டுவார்கள். பிரீமியம் 1.5 லட்சம் என்றால் அதைக் கடனிலேயே சேர்த்துவிடுவார்கள், "கையிலிருந்து எதுவும் தர வேண்டாம்" என்று. மாதம் 1,302 ரூபாய் கூடுகிறது, 20 வருடத்தில் 3.12 லட்சம். கடன் பெற அந்தப் பாலிசி சட்டப்படி கட்டாயமல்ல. குடும்பத்துக்குப் பாதுகாப்பு அவசியம்தான், அதற்குத் தனியே ஒரு டேர்ம் பாலிசி (இறந்தால் மட்டும் பணம் தரும் ஆயுள் காப்பீடு) எடுத்தால் வங்கி மாறினாலும் கூட வரும்.

கட்டிக்கொண்டிருக்கும் அடுக்குமாடி வீடு என்றால், சாவி கைக்கு வரும்வரை விடுவித்த தொகைக்கு வட்டி மட்டும் கட்டும் காலம் ஒன்று இருக்கும். சராசரியாக 25 லட்சம் விடுவிக்கப்பட்டு இரண்டு வருடம் ஓடினால் 4.25 லட்சம் போகும், அசலில் ஒரு ரூபாய் குறையாது. கட்டுநர் தாமதித்தால் அதுவும் நீளும், கூடவே வாடகையும். முழுத் தவணையை உடனே தொடங்க முடியுமா என்று கேட்டுப் பாருங்கள்.

2024 அக்டோபர் முதல் சில்லறைக் கடன்களுக்கு முக்கிய விவர அறிக்கை ஒன்றைக் கட்டாயம் தர வேண்டும். அதில் ஏபிஆர் என்று ஒரு விகிதம் இருக்கும், கட்டணங்களையும் சேர்த்த வட்டி. இரண்டு வங்கிகளை ஒப்பிட அதைப் பயன்படுத்துங்கள், விளம்பரப் பலகையில் உள்ளதை அல்ல.

வரிச் சலுகையைப் பற்றி ஒரு வரி போதும். குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குப் பழைய வரி முறையில் ஆண்டுக்கு 2 லட்சம் வரைதான் கழிவு, புதிய முறையில் இல்லை. முதல் வருடம் வட்டியே 4.2 லட்சம் கட்டும்போது, 30 சதவீத வரம்பில் இருப்பவருக்குக்கூட அதில் திரும்புவது, செஸ் சேர்த்தும், 62,400 மட்டுமே. வரிக்காகக் கடனை நீட்டி வைக்க வேண்டியதில்லை.

வேறு வங்கிக்கு மாற்றினால்

நம் 8.5 சதவீதக் கடனில் எட்டு வருடம் கட்டியாயிற்று, பாக்கி 39 லட்சம், மீதி 12 வருடம். இன்னொரு வங்கி 8 சதவீதத்துக்குக் கூப்பிடுகிறது. அதே 12 வருடத்துக்கு மாற்றினால் மிச்சம் 1.55 லட்சம். புதிதாக எம்ஓடி, செயலாக்கக் கட்டணம், சட்டக் கருத்து எல்லாம் போனால் அதில் பாதிதான் கையில் நிற்கும். ஆனால் அங்கே காட்டுவது பெரும்பாலும் 20 வருட அட்டவணை: "தவணை 32,700 ஆகிவிடும் சார், மாசம் பத்தாயிரம் மிச்சம்!" வட்டி விகிதம் குறைந்தும், கட்டப் போகும் வட்டி 23.4 லட்சத்திலிருந்து 39.4 லட்சமாக ஏறுவதை யாரும் சொல்வதில்லை. மாற்றும் முன், முதலில் உங்கள் வங்கியிடமே விகிதத்தைக் குறைக்கக் கேளுங்கள்.

கடைசித் தவணையோடு வேலை முடிவதில்லை. கடன் முழுதும் அடைந்த 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களை வங்கி திருப்பித் தர வேண்டும். அவர்கள் தவறால் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு, 2023 டிசம்பர் முதல் இது நடைமுறை. பத்திரங்களை வாங்கும்போது, கடன் எடுத்த நாளில் வங்கி தந்த ஆவணப் பட்டியலோடு ஒவ்வொன்றாகச் சரிபாருங்கள். தாய்ப் பத்திரம் ஒன்று காணாமல் போவது அபூர்வமல்ல. பிறகு வங்கி அலுவலரை வரச்செய்து சார்பதிவாளர் அலுவலகத்தில், கடன் தீர்ந்தது என்பதற்கான ரசீது ஆவணம் பதிய வேண்டும். இதை விட்டுவிட்டால் வில்லங்கச் சான்றில் (ஈசி) எம்ஓடி அப்படியே நிற்கும், வீட்டை விற்கும் நாளில்தான் தெரியவரும். ரசீது பதிந்து சில நாள் கழித்து ஈசி போட்டு, அந்தப் பதிவு ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள்.