மொரிஷியஸில் ஒரு பாட்டியின் எண்

மொரிஷியஸின் நூறு ரூபாய் நோட்டில் இருப்பவர் ரெங்கநாதன் சீனிவாசன், அந்நாட்டில் அமைச்சராக இருந்தவர். போர்ட் லூயிஸ் தெருக்களில் கடைப் பலகைகளைப் படித்துக்கொண்டே நடந்தால் ஆறுமுகம், குப்பன், கணபதி என்று நம் ஊர்ப் பெயர்களாகவே வரும். என்ன, எழுத்து பிரெஞ்சு பாணியில் இருக்கும். என் தோழியின் குடும்பப் பெயர் வீரப்பன். அவள் வீட்டில் தமிழ் பேசுவது சாமி கும்பிடும்போது மட்டும்தான். மற்ற நேரமெல்லாம் அந்தத் தீவின் கிரியோல் மொழி. தன் முன்னோர் எந்த ஊர் என்று தெரிந்துகொள்ள அவளுக்கு ரொம்ப நாள் ஆசை. அதற்குத் துணையாகத்தான் நான் போனேன்.

நம்மிடம் அப்பா பெயர் இனிஷியலாக வந்து, அடுத்த தலைமுறையில் மாறிவிடும். அங்கே அப்படி இல்லை. பிரெஞ்சுக்காரர்களிடமிருந்து மொரிஷியஸை 1810ல் ஆங்கிலேயர் பிடித்தபோதும் பிரெஞ்சுச் சட்டத்தை அப்படியே விட்டுவைத்தார்கள். பிறப்பு, திருமணம் எதைப் பதிந்தாலும் குடும்பப் பெயர் வேண்டும். அப்படி ஏதோ ஒரு தலைமுறையின் அப்பா பெயர் குடும்பப் பெயராக நின்றுவிட்டது. அதனால் ஒன்றுக்கொன்று தொடர்பே இல்லாத வீரப்பன் குடும்பங்கள் அங்கே இருக்கின்றன. வெறும் பெயரைப் பிடித்துக்கொண்டு தேடினால் திசை தெரியாது. தேட வேண்டியது முன்னோரின் குடியேற்ற எண்ணை.

துறைமுகத்தை ஒட்டியிருக்கும் ‘ஆப்ரவாசி காட்’ (Aapravasi Ghat) என்ற பழைய படித்துறைக்குப் போனால் அந்த எண் எங்கிருந்து வந்தது என்று புரியும். கரும்புத் தோட்டங்களுக்கு ஒப்பந்தக் கூலிகளைக் கொண்டுவருவது 1834ல் தொடங்கியது. 1849ல் இங்கே குடியேற்றக் கிடங்கு கட்டினார்கள். கரையிலிருந்து மேலே ஏறிய 16 கற்படிகள் இன்னும் இருக்கின்றன. 2006ல் யுனெஸ்கோ இதை உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது. தீவுக்கு வந்த ஒவ்வொருவருக்கும் ஓர் எண் கொடுத்துப் பதிவேட்டில் எழுதினார்கள். தோட்டம் மாறினாலும், கல்யாணம் செய்தாலும், பிள்ளை பிறந்தாலும் அந்த எண் காகிதங்களில் கூடவே வந்தது.

தோழி தன் பிறப்புச் சான்றிதழில் தொடங்கி, அப்பாவுடையது, தாத்தாவுடையது என்று ஒவ்வொன்றாகப் பின்னால் போயிருந்தாள். பழைய திருமணப் பதிவு ஒன்றில் மாப்பிள்ளை, பெண் இருவரின் எண்களும் கிடைத்தன. அதை எடுத்துக்கொண்டு மோக்காவில் உள்ள மகாத்மா காந்தி நிறுவனத்துக்குப் போனோம். குடியேற்ற ஆவணங்கள் அங்கேதான் இருக்கின்றன.

நாங்கள் தேடிப் போனது என்னவோ கொள்ளுத் தாத்தாவின் அப்பாவை. அவர் கிடைத்தார்: கப்பல், வயது, உயரம், அப்பா பெயர், ஜில்லா செங்கல்பட்டு. ஆனால் அவர் மனைவிக்கும் தனியாக ஒரு பதிவு இருந்தது. அவள் பெயர், அவள் அப்பா பெயர், அவள் ஊர், அவள் உயரம். கணவனின் ஒட்டாக அல்ல, அவளுக்கே உரிய எண்ணோடு. இதைப் பார்த்ததும் எனக்கு நெஞ்சு அடைத்தது. எங்கள் வீட்டுக் கொடிவழியில் ஏழு தலைமுறை ஆண்களின் பெயர் இருக்கிறது. என் கொள்ளுப் பாட்டியின் அம்மா பெயரை யாரும் சொல்ல முடியாது. கூலியாளைக் கணக்கு வைக்க எழுதிய ஏடு அது. அதில் கருணை எதுவும் கிடையாது. அப்படியிருந்தும், நாம் தொலைத்துவிட்டதை அந்த ஏடு வைத்திருக்கிறது. தோழி அந்தப் பெயரை வாய்விட்டுத் திரும்பத் திரும்பச் சொல்லிப் பார்த்தாள்.

இனி வேலை நம் பக்கம். அன்றைய செங்கல்பட்டு ஜில்லா இன்றைய காஞ்சிபுரம், திருவள்ளூர் மாவட்டங்களையும் சேர்த்தது. எழுத்தர் காதில் விழுந்தபடி எழுதிய ஊர்ப் பெயர், ஒன்றுக்கு மேற்பட்ட கிராமங்களுக்குப் பொருந்துகிறது. எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் பழைய கிராமப் பட்டியல்களைப் பார்க்க வேண்டும். தோழி வீட்டில் வருடா வருடம் பொங்கல் வைக்கும் அம்மன் பெயரையும் கேட்டு வைத்திருக்கிறேன். குலதெய்வக் கோயில் எந்தக் கிராமத்தில் என்று தெரிந்தால் பாதி வேலை முடிந்த மாதிரி. அவள் வருகிற தைமாதம் வருகிறாள். முதலில் பாட்டியின் ஊரைத் தேடலாம் என்று இருவரும் முடிவு செய்திருக்கிறோம்.